கூட வந்தவள்

அந்தப் பெண் ஆஸ்பத்திரிக் கூடத்தின் கடைசி நாற்காலியில் கைப்பையை மடியோடு இறுக்கிப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கருக்கலைப்புக்கு வருகிறவர்கள் தனியாக வரக்கூடாது, திரும்ப அழைத்துப்போக ஓர் ஆள் கூட இருக்க வேண்டும் என்பது அங்கே விதி. நர்ஸ் மேசையிலிருந்து தலையைத் தூக்கி, "இவங்க கூட வந்தது யாரு?" என்று கேட்டதும் அந்தப் பெண்ணின் முகம் வெளுத்துப் போயிற்று. அக்கம்பக்கத்தில் இருந்தவர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள். தரை துடைத்துக்கொண்டிருந்த வார்டு ஆயா துடைப்பத்தைச் சுவரில் சாய்த்து வைத்தாள். "நான்தான்" என்றாள், ஏதோ வீட்டிலிருந்தே கைகோத்து நடந்து வந்தவளைப் போல. எல்லாம் முடிந்ததும் அந்தப் பெண்ணை பஸ் ஏற்றிவிட்டு வந்து, விட்ட இடத்திலிருந்து தரையைத் துடைத்தாள். அதைப் பற்றி யாரிடமும் மூச்சு விடவில்லை.

ஆனால் அழுக்குத் துணி வண்டியைத் தள்ளிக்கொண்டு அந்தப் பக்கம் போன ஒருத்தி பார்த்துவிட்டாள். மனம் நெகிழ வேண்டிய இடம்தான். அவளுக்கோ வயிறு எரிந்தது. அந்தப் பெண் ஆயாவைப் பார்த்த பார்வையில் கால்வாசியாவது தன்னை யாராவது என்றைக்காவது பார்த்ததுண்டா என்று எரிந்தது.

ஆயாவும் வண்டி தள்ளியவளும் ஓரகத்திகள். அண்ணனுக்கு ஆயா, தம்பிக்கு அவள். ஒரே வீடு, இரண்டு அறை, ஒரு அடுப்படி. வீட்டில் அவர்களுக்குப் பெரியவள், சின்னவள் என்றே பெயர். ஆஸ்பத்திரியிலும் அதுவே ஒட்டிக்கொண்டது. பெரியவள் வார்டில், சின்னவள் கீழே சலவைக்கூடத்தில். பெரியவளுக்கு மூன்று பிள்ளைகள். சின்னவளுக்குக் கல்யாணமாகிப் பல வருஷமாகியும் வயிறு திறக்கவில்லை.

பொறாமைக்கு அவளுக்கு இடமா இல்லை? மாடிக் கொடியில் காய்கிற பிள்ளைகளின் கால்சட்டையைப் பார்த்தால் பொறாமை. பெரியவளின் புருஷன் லாரி ஓட்டிவிட்டு வந்து வாசலிலேயே, "ஏய், சாப்பிட்டியா?" என்று கேட்டால் பொறாமை. சின்னவளின் புருஷன் லிஃப்ட் இயக்குகிறவன். நாள் முழுக்க ஏறி இறங்கிவிட்டு வந்து, வீட்டில் வாயைத் திறக்க மாட்டான். பெரியவளுக்குப் பல்வலி வந்து கன்னம் வீங்கியபோது ஆஸ்பத்திரியே விசாரித்தது. அதற்கும் சின்னவளின் காதில் புகை வந்தது. கும்பிடுகிறபோதுகூட, "எனக்குக் கொடு" என்று தொடங்குகிற வேண்டுதல், "அவளுக்கு மட்டும் ஏன் கொடுத்தாய்" என்றுதான் போய் முடியும். கடவுள் பொறுமைசாலி, கேட்டுக்கொண்டிருந்தார்.

அந்த ஆஸ்பத்திரியில் பிரசவ வார்டுக்கு வெள்ளை விரிப்பு, கருக்கலைப்பு அறைக்கு நீல விரிப்பு. நீல மூட்டை கீழே வருகிற நாளில் சின்னவள் யாரோடும் பேச மாட்டாள். கேட்காதவர்களுக்கெல்லாம் அள்ளிக் கொடுத்து, அவர்கள் வேண்டாம் என்று திருப்பித் தருவதை என்னைக்கொண்டு துவைக்க வைக்கிறாயே என்று மெஷின் சத்தத்தோடு சத்தமாக முணுமுணுப்பாள்.

முன்பெல்லாம் புருஷன் கையெழுத்தும் இரண்டு டாக்டர்களின் சம்மதமும் இல்லாமல் அந்த அறைக்குள் யாரும் போக முடியாது. நீல மூட்டை அப்போது சின்னது. ஆனால் அவசரப் பிரிவிலிருந்து வருகிற விரிப்புகளை இரண்டு மூன்று முறை அலச வேண்டியிருக்கும். எங்கோ யாரிடமோ போய், எதையெதையோ விழுங்கிவிட்டு, கடைசி நேரத்தில் தூக்கிக்கொண்டு வரப்பட்ட பெண்களின் விரிப்புகள் அவை. பிறகு சட்டம் மாறியது. மூன்று மாதத்துக்குள் என்றால் பெண்ணின் சொல்லே போதும் என்றார்கள். நீல மூட்டை பெருத்தது, அவசரப் பிரிவின் மூட்டை இளைத்தது. ஆற்றுப் பாலத்துக்கு அந்தப் பக்கம் வேறு நாடு; அங்கே முழுத் தடை. அங்கிருந்தும் பெண்கள் காலை பஸ்ஸில் வந்தார்கள். "சட்டத்தை அங்கயே பத்திரமா வெச்சுக்கிட்டு, பொண்ணுங்களை மட்டும் இங்க அனுப்பிடறாங்க" என்பான் மூட்டை இறக்குகிற வண்டிக்காரன்.

ஒருநாள் அடுப்படி ரேடியோவில் எந்தெந்த நாட்டில் எவ்வளவு கருக்கலைப்பு, எங்கே அனுமதி, எங்கே தடை என்று வாசித்தார்கள். சின்னவள் பட்டென்று அணைத்தாள். "ஊர் உலகத்துல எல்லாருக்கும் வேண்டாமாம். எனக்கு ஒருத்திக்குத்தான் வேணுமாம்" என்றாள். பெரியவள் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்த கையால் அப்படியே வாயைப் பொத்திக்கொண்டு பின்கட்டுக்கு ஓடினாள்.

அவள் குமட்டுகிற சத்தம் கேட்டதுமே சின்னவளுக்குப் புரிந்துவிட்டது. அந்த நிமிஷம் அவள் நெஞ்சில் எழுந்த வெறுப்பைக் கடவுள்தான் மன்னிக்க வேண்டும்.

இரண்டு நாள் கழித்துப் பெரியவளே சொன்னாள். வேண்டாம் என்று முடிவு செய்துவிட்டாளாம். கடைசிப் பிரசவத்துக்குப் பிறகு அவள் தேறி எழுந்திருக்கவே ஏகப்பட்ட நாளாயிற்று; கடைக்குட்டி இன்னும் இடுப்பை விட்டு இறங்கவில்லை. புருஷனிடம் சொன்னதற்கு, "உன் உடம்பு, உனக்கு எது சரியோ அதைச் செய்" என்று சொல்லிவிட்டு லாரியில் ஏறிப் போனானாம்.

சின்னவள் அடுப்பை அணைத்தாள். இத்தனை வருஷமாக யாரிடமும் கை நீட்டாதவள் அன்று நீட்டினாள். "பெத்து எனக்குக் குடுங்க அக்கா" என்றாள். "பால் குடுக்கிற வரைக்கும் நீங்க வெச்சுக்குங்க. அப்புறம் அது என் பிள்ளை. ஒரே வீடுதானே, எங்க போயிடப் போகுது?"

பெரியவள் கழுவின பாத்திரத்தையே மறுபடியும் கழுவினாள். "என்னால முடியாது" என்றாள் கடைசியில். "உடம்பும் முடியாது, மனசும் முடியாது. திட்டணும்னா திட்டிக்கோ." பிறகு குரலைத் தாழ்த்தி, "டாக்டர் நாளைக்கு வர்றாரு. கூட நீதான் வரணும்" என்றாள்.

சின்னவள் வாயே திறக்கவில்லை. பேசாமல் இருந்ததை மற்றவள் சம்மதம் என்று எடுத்துக்கொண்டாள்.

மறுநாள் காலையில் சின்னவள் கூடத்துப் பக்கமே போகவில்லை. நேரே சலவைக்கூடத்தில் இறங்கி, காய்ந்த விரிப்புகளை மடிக்க உட்கார்ந்தாள். அவளுக்கு எல்லாம் தெரியும். அந்த டாக்டர் வாரத்தில் ஒரு நாள்தான் வருவார். அடுத்த வாரம் என்றால் பெரியவளுக்கு மூன்று மாதம் தாண்டிவிடும். தாண்டினால் பழையபடி டாக்டர்கள் கூடிப் பேச வேண்டும், பெரும்பாலும் கைவிரித்துவிடுவார்கள். ஆக, தான் இந்த ஸ்டூலை விட்டு எழுந்திருக்காமல் இருந்தாலே போதும், ஒரு பிள்ளை பிறக்கும். பிறந்த பிறகு யார் மடியில் வளர்கிறது என்பதை அப்போது பார்த்துக்கொள்ளலாம். மடிப்பின் மேல் மடிப்பாக வைத்துக்கொண்டே அந்தப் பிள்ளைக்குப் பெயர்கூட யோசித்துவிட்டாள்.

வண்டிக்காரன் வெள்ளை மூட்டையோடு வந்தான். "மேல ஒரே கூத்து" என்றான். பெரியவள் காலையிலிருந்து கூடத்திலேயே உட்கார்ந்திருக்கிறாளாம். கூட வந்தது யார் என்று நர்ஸ் கேட்டாளாம். வாட்ச்மேன் நான் வருகிறேன் என்றானாம். மருந்து கொடுக்கிறவள் நான் என்றாளாம். நர்ஸே பொறுக்கமாட்டாமல் என் பெயரையே சொல்லிக்கொள்கிறேன் என்றாளாம். எல்லோரிடமும், "வேண்டாம், எங்க வீட்டு ஆளு வந்துக்கிட்டிருக்கா" என்று சொல்லிவிட்டாளாம் பெரியவள்.

சின்னவளுக்கு முதலில் வந்தது பழைய எரிச்சல்தான். இதற்கும் எத்தனை பேர் வரிந்து கட்டிக்கொண்டு நிற்கிறார்கள் பார். தனக்கு ஒன்று என்றால் இந்த வண்டிக்காரன்கூட வரமாட்டான்.

"டாக்டர் கிளம்பற நேரமாச்சு. யாரைத்தான் அப்படி எதிர்பார்க்கிறாங்களோ" என்று அவள் முகத்தைப் பார்த்துச் சொல்லிவிட்டு அவன் போய்விட்டான்.

அவள் மடித்துக்கொண்டிருந்த விரிப்பு பாதியில் நின்றது. பிறந்ததிலிருந்து அவளுக்காக யாரும் எங்கேயும் காத்திருந்ததில்லை. அவள்தான் காத்திருப்பாள்: பஸ்ஸுக்கு, புருஷனுக்கு, மாதா மாதம் தள்ளிப் போகாதா என்று ஒரு நாளுக்கு. அத்தனை பேரும் வரிசையில் வந்து நிற்க, ஒருத்தி எல்லோரையும் தள்ளிவிட்டு, தன்னிடம் பிள்ளையைக் கேட்டவளுக்காக, மேலே உட்கார்ந்திருக்கிறாள். சின்னவள் வரமாட்டாள் என்று பெரியவளுக்குத் தெரியாமலா இருக்கும்?

பொறாமை அடங்கிவிட்டது என்று சொன்னால் பொய். அதையும் சுமந்துகொண்டேதான் படியேறினாள். கூடத்தில் பெரியவளின் பக்கத்து நாற்காலியில் போய்ப் பொத்தென்று உட்கார்ந்தாள். பெரியவள் திரும்பிப் பார்க்காமலே, "கையெல்லாம் பஞ்சு" என்று சொல்லி அவள் கையைத் தட்டிவிட்டு, அப்படியே பிடித்துக்கொண்டாள். நர்ஸ் எதுவும் கேட்கவில்லை. எழுந்து போய்க் கதவைத் திறந்தாள்.

உள்ளே சின்னவள்தான் தலைமாட்டில் நின்றாள். வலியில் பெரியவள் நகம் பதியப் பிடித்தபோதும் கையை இழுக்கவில்லை. மாலையில் ஆட்டோ வைத்துக் கூட்டிப்போய், சூடாகப் பால் கொடுத்துப் படுக்க வைத்தாள். கடைக்குட்டி அழுதபோது தூக்கித் தன் அறையில் போட்டுக்கொண்டாள். மறுநாள் நீல மூட்டை வந்ததும் எந்த விரிப்பு என்று தெரியாததால் எல்லாவற்றையுமே கையால் அலசினாள். வண்டிக்காரன் மெஷின் கெட்டுப்போச்சா என்று கேட்டான். ஆமாம் என்றாள்.

அதன் பிறகும் அவர்கள் ஒரே அடுப்படியில் பல வருஷம் இருந்தார்கள். சின்னவளுக்குக் குழந்தை பிறக்கவே இல்லை. பெரியவளின் மகள் முதல் சம்பளத்தில் அம்மாவுக்குச் செருப்பு வாங்கி வந்த அன்று சின்னவள் தலைவலி என்று படுத்துக்கொண்டாள். மறுநாள் எழுந்து இருவருக்கும் காபி போட்டாள். சிலருக்கு வாழ்க்கை அப்படித்தான் ஓடும்.

பிறகு சின்னவளின் புருஷனுக்குத் தொலைதூர நகரத்தில், ஒரு பெரிய கட்டிடத்தில் வேலை கிடைத்தது. பெட்டி படுக்கையோடு கிளம்பினார்கள். வழியனுப்பப் பெரியவள் பஸ் நிலையம் வரை வந்தாள். அதற்குப் பிறகு அவர்கள் சந்திக்கவில்லை. அடுத்த மழைக்காலத்தில் பெரியவள் தூக்கத்திலேயே போய்ச் சேர்ந்துவிட்டாள்.

வழியனுப்ப வந்த அன்று, பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்ததும், அத்தனை வருஷம் தொண்டையில் நின்றதைச் சின்னவள் கேட்டேவிட்டாள். "அக்கா, அன்னைக்கு எனக்குத் தரமாட்டேன்னீங்களே. உடம்பு முடியாததுதான் காரணமா?"

பெரியவள் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். முகத்தில் சிரிப்பு வருவதுபோலவும் வராததுபோலவும் இருந்தது.

"உடம்பு முடியாதது நிஜம்டி. ஆனா முடிஞ்சிருந்தாலும் குடுத்திருக்க மாட்டேன். அது உன்னை அம்மான்னு கூப்பிடும். நான் பக்கத்துல நின்னு கேட்டுக்கிட்டே சமைக்கணும். வயிறு எரிஞ்சே செத்திருப்பேன். ஒரு வீட்டுக்கு ஒரு பொறாமைக்காரி போதும், அது நீயாவே இருந்துட்டுப் போ. தலையை உள்ள இழு, வண்டி கிளம்புது."