இடிந்த வீட்டுக்கு இரண்டு அப்பீல்

ஆரப்பாளையம் அரசாங்கக் குடியிருப்பில் வக்கீல் குமாஸ்தா ஞானமுத்துவை அறிந்த பெருமக்களே, ஒருவரும் நம்பமுடியாத கதையொன்றைச் சொல்லப்போகிறேன் என்று உங்கள் முன் உறுதி கூறுகிறேன்.

போன செவ்வாய்க்கிழமை, உசிலம்பட்டி பஸ்ஸுக்கு நான் நின்றிருந்தபோது பால்காரர் சைக்கிளை நிறுத்தி, "அண்ணே, குமாஸ்தா தவறிட்டாரு" என்றார். நான் நம்பவில்லை. மனு ஒன்று நிலுவையில் இருக்கும்போது சாகிற ஆள் இல்லை அவர்.

அவர் பதினாலாம் நம்பர் வீடு, நான் ஏழு. சட்டப் புத்தகம் அம்புட்டையும் தலையிலேயே வைத்திருந்ததால், பாரம் தாங்காமல் அவர் கழுத்து ஓரடி உள்ளே இறங்கியிருந்தது. நம் பதினெட்டு வீட்டையும் இடித்து மாடிக் கட்டடம் எழுப்பப்போவதாக நோட்டீஸ் வந்ததும், திரும்ப வீடு தருவதாக எழுதிக் கொடுக்கும்வரை இடிக்கக் கூடாது என்று வழக்குப் போட்டார். தோற்றோம். அப்பீல் போனார்.

விசாரணை நாளன்று, "எல்லாரும் போய் நின்னாத்தான் ஜட்ஜுக்கு நம்ம கஷ்டம் தெரியும்" என்று யோசனை சொன்ன மேதை அடியேன். பதினெட்டு வீட்டையும் பூட்டிவிட்டு, வெள்ளாடு உட்பட நாலாயிரம் பேர் கிளம்பினோம். அந்த நேரம் பார்த்து, ஆளில்லை என்று சாமான்களை வேப்பமரத்தடியில் அடுக்கிவிட்டு இடித்துவிட்டார்கள். செய்தி கோர்ட்டுக்கே வந்தது. "இடிந்த வீட்டை இடிக்காதே என்று யாரிடம் சொல்வது?" என்றார் நீதிபதி.

"செயிச்சமா, தோத்தமா மாப்ள?" என்று ஞானமுத்துவைக் கேட்டேன்.

"ரெண்டுமில்ல மாமா. கேள்வியே செத்துப்போச்சு."

மனிதர் சும்மா இருக்கவில்லை. புதுக் கட்டடத்தில் நமக்கு வீட்டுரிமை உண்டு என்று தீர்ப்புக் கேட்டு இன்னொரு வழக்கு. அதிலும் தோல்வி, அப்பீல். அதுவரை நான் கீழக்குயில்குடி மலையில் சமண முனிவர்களின் கல்படுக்கையில் புரண்டுகொண்டிருந்தேன். அப்பீல் விசாரணைக்கு வருவதற்குள் குடியிருப்பு அலுவலகத்தார் தாங்களாகவே பதினெட்டுப் பேருக்கும் சாவி கொடுத்துவிட்டார்கள்.

"கேட்டது கிடைத்துவிட்டதே. இனித் தீர்மானிக்க என்ன இருக்கிறது?" என்று நீதிபதி வழக்குக் கட்டை மூடினார்.

நாங்கள் அல்வாக் கடைக்குப் புறப்பட்டோம். ஞானமுத்து மட்டும் நகரவில்லை. "ஒரு வரி எழுதிக் குடுங்கய்யா. இது உரிமையா, தயவான்னு."

நீதிபதி அடுத்த கட்டை எடுத்தார்.

வெளியே வந்து திட்டினேன். "சாவி கையில இருக்கு. இன்னும் என்னய்யா வேணும் உனக்கு?"

"நமக்குக் குடுத்துட்டாக மாமா. அடுத்த வரிசையையும் இடிக்கப் போறாக. அவுக எதைக் காட்டிக் கேப்பாக?"

அடுத்த வரிசைக்காரர்களுக்கு அவர் எழுதிக்கொண்டிருந்த மனு பாதியில் நிற்கிறது. அவரிடமிருந்து எனக்கு மிஞ்சியது இந்தக் குழப்பம்தான்: என் வீட்டுக் கதவைத் திறக்கும்போதெல்லாம், உரிமையோடு நுழைகிறேனா, யார் தயவிலாவது நுழைகிறேனா என்று விளங்குவதில்லை.

மற்றதில் என் கைச்சரக்கு ஏராளம். ஆனால், சாவி கைக்கு வந்த பிறகும் யாருக்காகவோ ஒரு வரி கேட்டுக் கைகூப்பி நின்றாரே, அது மட்டும் நடந்தது.