எள்ளளவு அபின்

சமர்த்துக் குழந்தை என்று யாராவது சொன்னால் எனக்கு இன்றைக்கும் நம்பிக்கை வராது. பஸ்ஸிலோ கல்யாண வீட்டிலோ, அழாமல் தூங்கும் குழந்தையைச் சுற்றி நின்று எல்லோரும் கன்னத்தைக் கிள்ளிக் கொஞ்சும்போது, நான் மட்டும் அதன் மூச்சு சரியாக வருகிறதா என்று பார்த்துக்கொண்டிருப்பேன். என் வீட்டுக்காரர் இதற்குத் தொழில் வியாதி என்று பெயர் வைத்திருக்கிறார்.

தொழில் என்று அவர் பெரிதாகச் சொன்னாலும் அது பிள்ளை பார்க்கும் வேலைதான். தொண்ணூறுகளின் நடுவில் நாங்கள் டில்லியில் லோதி ரோடு அரசாங்கக் குவார்ட்டர்ஸில் இருந்தோம். பையன்கள் இரண்டு பேரும் பள்ளிக்கூடம் போகத் தொடங்கியதும் எனக்கு வீட்டில் இருப்புக் கொள்ளவில்லை. கட்டட வேலை நடக்கும் இடங்களில் கூலிக்காரர்களின் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ள ஒரு சின்னத் தொண்டு அமைப்பு ஆள் தேடியது. படிப்பு, அனுபவம் எதுவும் கேட்கவில்லை. "இந்தி தெரியுமா?" என்று மட்டும் கேட்டார்கள். தெரியும் என்று தைரியமாகச் சொன்னேன். நான் பேசிய இந்தியைக் கேட்டுக் குழந்தைகள் சிரித்ததால், வேலைக்கு அது உதவியாகவே இருந்தது. அங்கே எல்லோருக்கும் நான் தீதி, அதாவது அக்கா.

யமுனைக்கு அந்தப் பக்கம் ஏழு மாடிக் குடியிருப்பு ஒன்று எழும்பிக்கொண்டிருந்தது. அதன் காலடியில் ஒரு தகரக் கொட்டகைதான் எங்கள் காப்பகம். என்னுடைய பழைய வாயில் புடவைகளைக் கொண்டுபோய் மேலே ஓடிய இரும்புக் கம்பிகளில் தூளி கட்டினேன். கோதுமை ரவைக் கஞ்சி, கொஞ்சம் பால், ஒரு எடை மெஷின், வாரம் ஒருநாள் வந்துபோகும் டாக்டரம்மா, அவ்வளவுதான் வசதி. காண்ட்ராக்டர் போட்ட ஒரே விதி, நாலு மணிக்குக் கொட்டகையைக் காலி செய்ய வேண்டும். அதற்குப் பிறகு காங்கிரீட்டைத் தாங்கிப் பிடிக்கும் அவருடைய சென்டரிங் பலகைகள் அங்கே தூங்கும். வேலை என்னவோ இருட்டும் வரை நடக்கும். தளத்துக்குக் காங்கிரீட் போடும் நாளில் அதற்கும் மேலே போகும், ஏனென்றால் தொடங்கிவிட்டால் நடுவில் நிறுத்த முடியாது. நாலு மணியிலிருந்து இருட்டும் வரை அந்தக் குழந்தைகள் எங்கே இருந்தன என்று யாரும் கேட்டதில்லை. காண்ட்ராக்டருக்குப் பலகைகள் மேல் இருந்த அக்கறை பிள்ளைகள் மேல் இல்லை.

அங்கேதான் அந்தப் பெண் குழந்தை வந்தது. ஏழு மாதம் என்றாள் அம்மா. பார்த்தால் மூன்று மாதம்கூட மதிக்க முடியாது. மத்தியப் பிரதேசத்தில் மால்வாப் பக்கத்திலிருந்து வந்தவள் என்பதால் அவளை எல்லோரும் மால்வாக்காரி என்றே கூப்பிட்டார்கள். காலையில் குழந்தையைத் தூளியில் போட்டுவிட்டுப் போனால் மதியம் வரை அசைவு இருக்காது. மற்றதெல்லாம் கொட்டகையைக் கூரையோடு தூக்கும்போது இது மட்டும் கிடந்தபடி கிடக்கும். பால் புகட்டினால் பாதி வாயிலேயே நிற்கும். வாரா வாரம் எடை போட்டேன், முள் நகரவில்லை.

டாக்டரம்மா வந்தபோது இமையைத் தூக்கிக் காட்டினார். கண்ணின் பாப்பா கடுகளவுக்குச் சுருங்கியிருந்தது. "அபின் கொடுக்கிறாங்க. ஒருநாள் இப்படியே தூக்கத்தில மூச்சு நின்னுடும்" என்றார். மதியம் சாப்பிட இறங்கி வந்த மால்வாக்காரியைப் பிடித்துக்கொண்டேன். நீ ஒரு தாயா, இதற்கு விஷத்தையே கொடுத்திருக்கலாமே என்று எனக்குத் தெரிந்த இந்தி, தெரியாத இந்தி எல்லாவற்றையும் கொட்டினேன். கடைசியில் இந்தி தீர்ந்துபோய்த் திருநெல்வேலித் தமிழிலேயே வைதேன்.

அவள் முழுதும் கேட்டுவிட்டு ரொட்டியை மடித்து வைத்தாள்.

"தீதி, நாலு மணிக்கு நீங்க பஸ் ஏறிடுவீங்க. நான் மேல கலவைச் சட்டி சுமப்பேன். சுவர் இல்லாத மாடி. இவ தவழ்ந்து விளிம்புக்குப் போனா நான் சட்டியைப் பிடிக்கவா, இவளைப் பிடிக்கவா?"

முன்பு வேலை செய்த இடத்தில் தண்ணீர்த் தொட்டியில் விழுந்த ஒரு குழந்தையைப் பற்றி அவளே சொன்னாள். அதனுடைய அம்மா அபின் வேண்டாம் என்று நினைத்தவளாம். இடுப்புத் துணியிலிருந்து பிளாஸ்டிக் தாளில் சுற்றிய ஒரு கறுப்பு உருண்டையை எடுத்துக் காட்டினாள். புளி மாதிரி இருந்தது. அதில் எள்ளளவு கிள்ளி விரல் நுனியில் தடவி வாயில் வைப்பாளாம். அவளுடைய அம்மாவும் அவளுக்கு அப்படித்தான் வைத்தாளாம்.

அதற்கப்புறம் நாங்கள் சண்டை போடவில்லை, பேசத் தொடங்கினோம். அவள் ஊரில் சர்க்கார் லைசென்ஸோடு அபின் பயிரிடுகிறார்கள். குளிர் முடியும்போது வயல் முழுக்க வெள்ளைப் பூ. இதழ் உதிர்ந்து காய் திரண்டதும் மத்தியானம் அதன் மேல் நாலைந்து கீறல் போடுவார்கள். இரவெல்லாம் பால் கசிந்து பழுப்பாக இறுகும், விடிந்ததும் வழித்து எடுப்பார்கள். அந்தக் கூலிக்குத்தான் அவள் சின்ன வயதில் போனாள். எடை போட்டு எடுத்துக்கொள்வது சர்க்கார், அதற்குத் தப்பியது வீட்டில் தங்கும். விருந்தாளி வந்தால் உள்ளங்கையில் அபின் கரைத்த தண்ணீர் கொடுப்பது அவர்கள் பக்கத்து மரியாதை. இருமலுக்கு அது, வயிற்றுப்போக்குக்கு அது, மூட்டு வலிக்கு அது.

"விதையை என்ன செய்வீங்க?" என்று கேட்டேன்.

"அதை வித்துடுவோம். உங்களை மாதிரி பட்டணத்துக்காரங்கதான் சாப்பிடுறாங்களே, கஸ்கஸ்."

நான் வாயைப் பிளந்தேன். கரோல் பாகில் நம்மூர்ச் சாமான் விற்கும் கடையில் மாதா மாதம் வாங்கிக் குருமாவுக்கும் பாயசத்துக்கும் அரைக்கும் கசகசா! என் மூத்த பையன் ராத்திரி தூங்காமல் படுத்தியபோது கசகசாவைப் பாலில் அரைத்து ஊற்று என்று எங்கள் அம்மா ஊரிலிருந்து சொல்லி அனுப்பி, நானும் ஊற்றியிருக்கிறேன். விதையில் மயக்கம் ஒன்றும் பெரிதாக இல்லை, காயில் வடியும் பாலில்தான் எல்லாம் இருக்கிறது என்று டாக்டரம்மா பிற்பாடு சொன்னார். புற்றுநோய்க்காரர்கள் வலி தாங்காமல் துடிக்கும்போது போடுகிற மார்ஃபின் ஊசியும் அந்தப் பாலிலிருந்துதானாம். பள்ளிக்கூடத்தில் அபினிப் போர் என்று நெட்டுருப் போட்டிருக்கிறேன். கங்கைக் கரை விவசாயிகளைக் கசக்கி விளைய வைத்து, வெள்ளைக்காரக் கம்பெனி சீனாவுக்குக் கப்பல் கப்பலாக விற்று, வேண்டாம் என்ற சீனாக்காரன் மேல் பீரங்கியோடு போன கதை. அதை எழுதி நான் நல்ல மார்க் வாங்கினேன். அந்தச் செடி எப்படி இருக்கும் என்று மட்டும் யாரும் காட்டவில்லை. ராஜ்யங்களை ஆட்டிவைத்த சரக்கு, இங்கே காவலுக்கு ஆள் இல்லாத ஒருத்தி தன் குழந்தைக்கு வைத்த காவலாக இருந்தது.

மால்வாக்காரி ஒரு வார்த்தை கொடுத்தாள். சாயங்காலம் குழந்தையைப் பார்க்க ஆள் இருந்தால் விட்டுவிடுகிறேன் என்றாள். நான் நேரே சைட் இன்ஜினீயரிடம் போனேன். கோயம்புத்தூர்க்காரர், சின்ன வயது. நம்ம ஊர்ப் பிள்ளை, சொன்னால் கேட்கும் என்று ரொம்ப நம்பிக்கை எனக்கு. வேலை முடியும் வரை கொட்டகை வேண்டும், ஒரு பல்பு வேண்டும், பெண்களில் ஒருத்தியைக் கூலி குறைக்காமல் குழந்தைகளோடு விட வேண்டும், இவ்வளவுதான் கேட்டேன்.

"அக்கா, நாலு மணிக்கு மேல சைட்ல கொழந்தைகளே இல்லீங்களே. இருந்தா ஒரு அழுகைச் சத்தமாவது கேக்காதுங்களா?"

"என்ன தம்பி இப்படிச் சொல்லுதீய? சத்தம் கேக்கலன்னா பிள்ளையே இல்லன்னு அர்த்தமா?"

"நான் கேட்டதே இல்லீங்க. இல்லாத கொழந்தைக்குக் காண்ட்ராக்டர் பல்பு போடுவாருங்களா?" என்று சிரித்தார். கெட்டவர் இல்லை. உண்மையிலேயே அவர் காதில் விழுந்ததில்லை, விழாமல் இருக்கத்தானே அந்த எள்ளளவு.

சரி, முதலில் குழந்தை பிழைக்கட்டும் என்று நானே சாயங்காலம் தங்க ஆரம்பித்தேன். ஒரேயடியாக நிறுத்தக் கூடாது, நாளுக்கு நாள் குறைக்க வேண்டும் என்பது டாக்டரம்மாவின் உத்தரவு. எள்ளில் பாதி, அதில் பாதி என்று மால்வாக்காரி என் கண் முன்னாலேயே கிள்ளுவாள். நாலு மணிக்கு மேல் குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு அவளுடைய குடிசை வாசலில் உட்கார்ந்திருப்பேன். குழந்தைக்கு உடம்பெல்லாம் வெடவெடக்கும், தும்மும், பூனைக்குட்டி போல முனகும். வாய் திறந்து அழ மட்டும் தெம்பு இல்லை. இருட்டிய பிறகு நான் வீட்டுக்குப் போனால் என் வீட்டுக்காரர் ரவையைக் கட்டி தட்டக் கிண்டி வைத்துக்கொண்டு, "நீ என்ன கலெக்டர் வேலையா பாக்குத?" என்பார். அந்த உப்புமாவைப் பையன்கள் இன்னும் மன்னிக்கவில்லை.

ஆனால் எடை முள் நகர்ந்தது. முதல் தடவை நகர்ந்தபோது நான் மெஷின் கெட்டுவிட்டது என்றே நினைத்து, இறக்கிவிட்டு மறுபடியும் ஏற்றினேன். மறுபடியும் நகர்ந்தது! கொட்டகையில் தனியாக நின்று கை தட்டினேன். அபினை அவள் முழுக்க நிறுத்திய அன்று, அந்த உருண்டையை ஒரு தூணுக்குப் போகும் கலவைத் தண்ணீரில் எறிந்துவிட்டாள். அந்தத் தூண் இன்னும் கனவு கண்டுகொண்டிருக்கும் என்று பெண்கள் கேலி பேசினார்கள். இதைப் பார்த்து, நாலு மணிக்கு மேல் கொடுத்துக்கொண்டிருந்த மற்றத் தாய்மார்களும் குறைக்கத் தொடங்கினார்கள். எல்லாக் குழந்தைகளையும் நான் ஒருத்தி எத்தனை நாள் மடியில் போட்டுக்கொண்டு உட்கார முடியும்? இன்ஜினீயர் சொன்னதை அவர்களிடம் அப்படியே சொன்னேன்.

மால்வாக்காரி அப்போதுதான் முதல் முறையாகச் சிரித்துப் பார்த்தேன். "கேக்கலியாமா? அவ்வளவுதானே? கேக்க வெச்சிடலாம்" என்றாள்.

ஏழாவது மாடித் தளம் போடும் நாளுக்குக் காத்திருந்தோம். அன்று காலையிலிருந்து மிக்சர் ஓடியது, பெண்கள் வரிசையாக நின்று சட்டி மாற்றினார்கள். நாலு மணிக்கு நான் விதிப்படி கொட்டகையைக் காலி செய்தேன். தாய்மார்கள் இறங்கி வந்து ஆளுக்கொரு குழந்தையை எடுத்துக்கொண்டு இன்ஜினீயரின் தகர அறைக்குள் நுழைந்தார்கள். மேசை மேலும் நாற்காலி மேலும் விரித்துக் கிடந்த பிளான் மேலும் கிடத்திவிட்டு, ஒரு வார்த்தை பேசாமல் மேலே ஏறிப் போய்விட்டார்கள். பாதித் தளம் போட்டாகிவிட்டது. அவர்களைத் தடுத்தால் காங்கிரீட் நிற்கும், நின்றால் இறுகிப் போகும்.

பத்துக் குழந்தைகள், அத்தனையும் முழு விழிப்பு. ஒன்று ஆரம்பித்தது, மற்றவை பிடித்துக்கொண்டன. தகரச் சுவர் அதிர்ந்தது. நான் கைப்பையைத் தோளில் மாட்டினேன்.

"நாலு மணி ஆயிட்டு தம்பி. நான் கெளம்புதேன், பஸ் போயிரும்."

"அக்கா, அக்கா! போயிராதீங்க! கும்பிடறேனுங்க!"

ஒரு குழந்தை அவர் பேனாவைப் பிடித்து இழுக்க, இன்னொன்று மடியை நனைக்க, அவர் காண்ட்ராக்டருக்குப் போன் போட்டார். பேசவே வேண்டியிருக்கவில்லை. ரிசீவரைக் குழந்தைகள் பக்கம் திருப்பிப் பிடித்தார். அந்தப் பக்கம் காண்ட்ராக்டர் கத்தியது எனக்கே கேட்டது. என்ன கேக்கறாங்களோ குடுத்துத் தொலை, முதல்ல அந்தச் சத்தத்தை நிறுத்து!

பலகைகள் வெளியே போயின. எலக்ட்ரீஷியன் ஓடி வந்து பல்பு மாட்டினார். கூலி குறையாமல் ஒருத்தியைக் கொட்டகையில் நிறுத்தினார்கள். குழந்தைகள் ஒவ்வொன்றாகத் தூளிக்குப் போய் அடங்கின. கடைசியாக மேசை மேல் மால்வாக்காரியின் குழந்தை மட்டும் இருந்தது. அது அவ்வளவு நேரமும் சத்தமே போடவில்லை. தளம் போடும் நாளாச்சே என்று காலையில் பயந்துபோய்த் திரும்பவும் கொடுத்துவிட்டாளோ? குனிந்து கண்ணைப் பார்த்தேன். கண் பாப்பா நன்றாக விரிந்திருந்தது. அது சாவகாசமாக மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தது.

இன்ஜினீயருக்கு அவருடைய பிளான் வேண்டும். குழந்தைக்கு அடியிலிருந்து அதை மெதுவாக உருவினார். குழந்தை புரண்டது, அவரை ஒரு பார்வை பார்த்தது, உதட்டைப் பிதுக்கியது. பிறகு வாயைத் திறந்தது பாருங்கள், அத்தனை மாதப் பாக்கியையும் சேர்த்து ஒரே மூச்சில் அழுதது. முகம் சிவந்து, கையை முறுக்கிக்கொண்டு, மூச்சு வாங்கி மறுபடியும் அழுதது. எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. குழந்தையைத் தூக்கிக்கொண்டு வெளியே ஓடினேன். டீசல் ஊற்றுவதற்காக மிக்சரை அப்போது நிறுத்தியிருந்தார்கள். அந்த ஒரு குரல் மட்டும் தூணுக்குத் தூண் ஏறிப் போனது.

ஏழாவது மாடி விளிம்பில் மால்வாக்காரியின் தலை எட்டிப் பார்த்தது. சட்டியைக் கீழே வைத்துவிட்டு இரண்டு கையையும் வாயில் குவித்துக் கத்தினாள்.

"தீதி, அது என்னுது! சமாதானம் பண்ணாதீங்க! கொஞ்ச நேரம் அழவிடுங்க, நான் கேக்கணும்!"