லோண்டரிக் கடைக் கோமாளிகள்

டிரையரில் உடுப்போடு போடும் வாசனைத் தாள் ஒன்று நேற்று என் கோட்டுப் பைக்குள்ளிருந்து வந்தது. முகர்ந்ததும், நாங்கள் வந்து குடியேறிய வில்லரேயில் எங்கள் தெருமுனையில் இருந்த, இப்போது கோப்பிக் கடையாகிவிட்ட, காசு போட்டு உடுப்புத் தோய்க்கும் லோண்டரி நினைவுக்கு வந்தது. சனிக்கிழமைக் காலைகளில் மெஷின்கள் உறுமிக்கொண்டிருக்க, சுவரின் உயரத்தில் பொருத்திய டிவியில், தொலைக்காட்சி தொடங்கிய காலத்துக் கறுப்பு வெள்ளைக் கோமாளிகள் இருவர், ஒருவன் நெட்டை, மற்றவன் குண்டன், ஏணியைத் தூக்கிக்கொண்டு திரும்பும்போதெல்லாம் ஒருவரையொருவர் அடித்து விழுத்துவார்கள். அவர்கள் பேசிய பிரெஞ்சு அந்த இரைச்சலில் கேட்காது. கேட்டாலும் அப்பாவுக்கு விளங்காது.

நாங்கள் இருக்கும் நீண்ட வாங்கின் ஒரு முனையில் அப்பா, மறுமுனையில் அவருடைய தம்பி, என் சித்தப்பா. நடுவில் உடுப்புக் கூடைகளும் நானும். இருவரும் கதைப்பதை நிறுத்தி வருஷக்கணக்காகியிருந்தது. காரணத்தை எனக்கு யாரும் சொல்லவில்லை. ஆனால் குண்டன் விழும்போது இருவரும் ஒரே நேரத்தில், ஒரே மாதிரி மூக்கால் சிரிப்பார்கள், சிரித்துவிட்டோமென்று தெரிந்ததும் ஆளுக்கொரு மெஷினைப் பார்ப்பார்கள்.

“உன்ர சித்தப்பா டொரோண்டோவுக்குப் போயிட்டாராம்,” என்று அம்மா என்னிடம் சொன்ன கிழமையும் நாங்கள் லோண்டரிக்குப் போனோம். குண்டன் வழக்கம்போல ஏணியில் அடிபட்டு மாவு வாளிக்குள் விழுந்தான். அப்பா சிரிக்கவில்லை. வெறுமையாகக் கிடந்த வாங்கின் மறுமுனையைப் பார்த்தார்.

“உடுப்புக் காய்ஞ்சிட்டுது பிள்ளை, எடு,” என்றார்.

டிரையர் இன்னும் சுற்றிக்கொண்டிருந்தது. அன்று வீட்டில் அம்மா அந்த ஈர உடுப்புகளைக் கதிரைகளிலெல்லாம் விரித்துப் போட்டார்.