சுந்தரராஜன் சாருக்குக் குரல் போன நாள்

காலையில் ஷூட்டிங் வீட்டுக்குள் வந்த சுந்தரராஜன் சார் வணக்கம் சொன்னார். வாய் அசைந்தது, சத்தம் வரவில்லை.

ஸ்ரீரங்கம் சித்திரை வீதியில் நாங்கள் அன்று ஒரு நாளைக்கு வாடகைக்கு எடுத்திருந்த வீடு அது. உள்ளூர் சேனல் ஒன்றுக்கு வாராந்திர நகைச்சுவைத் தொடரை நான் எழுதித் தயாரித்துக்கொண்டிருந்தேன். மனைவியாக நடித்ததும் நான்தான். கணவராக நடித்தவர் சுந்தரராஜன் சார். ரயில்வேயில் ஓய்வு பெற்றவர், பொன்மலை நாடக மேடைகளில் பெயர் வாங்கியவர். அன்றைய எபிசோடில் பாதிக்கு மேல் அவர் பேச்சுதான்.

சேனல் பொறுப்பாளருக்குப் போன் செய்தேன்.

"பழைய எபிசோட போட்டுருவோம் மேடம். ஆனா உங்க ஸ்லாட்ட ஒரு சமையல் ப்ரோக்ராம்காரங்க கேட்டுக்கிட்டே இருக்காங்க. ஒரு வாரம் விட்டா திரும்பக் கெடைக்கிறது கஷ்டம், பாத்துக்குங்க."

டப்பிங்கில் வேறு குரல் கொடுக்கலாம் என்றார் கேமராமேன் பாஸ்கர். எனக்கு மனம் ஒப்பவில்லை. அந்தக் குரலுக்காகவே தொடரைப் பார்க்கிறவர்கள் இருந்தார்கள்.

சுந்தரராஜன் சார் என் அருகே வந்து கரகரத்தார். "வேற ஆள வச்சு எடுத்துருங்கம்மா. என்னால தொடர் நிக்க வேணாம்."

"நீங்க பேசாதீங்க சார்" என்றேன். தொண்டைக்காகத்தான் சொன்னேன். சொன்ன பிறகு எனக்கே பொறி தட்டியது.

அந்த வீட்டு அடுக்களையில் உட்கார்ந்து புதிதாக எழுத ஆரம்பித்தேன். மனைவி போனில் நாத்தனாரைப் பற்றி அளந்துகொண்டிருக்கிறாள். அந்த நாத்தனாரே ஊரிலிருந்து வந்து அவள் முதுகுக்குப் பின்னால் நிற்கிறாள். எதிரே உட்கார்ந்திருக்கும் கணவருக்கு அன்று மௌன விரதம்.

முதல் டேக்கில் என் வசனத்தை மளமளவென்று கொட்டினேன். யாரும் சிரிக்கவில்லை. சுந்தரராஜன் சார் கையைத் தூக்கி மறுபடி கரகரத்தார்.

"நீங்க மூச்சு விடாம பேசுனா நான் எங்கம்மா முழிக்கிறது?"

அவர் சொன்னது சரிதான். ஆசை ஆசையாக எழுதிய வசனத்தில் பாதியை அங்கேயே வெட்டினேன்.

அடுத்த டேக்கில் அவர் நாத்தனார் நிற்கும் என் முதுகுப் பக்கத்தைக் கண்ணாலேயே காட்டினார்.

"என்ன, காபியா? இருங்க, உங்க அக்கா கதைய முடிச்சிட்டு வரேன்" என்றேன்.

அவர் மெல்ல எழுந்து, கோயில் இருந்த திசையைப் பார்த்துக் கைகூப்பினார். நான் எழுதாத அசைவு அது. பாஸ்கர் சிரித்த சிரிப்பில் கேமரா ஆடிவிட்டது. ஒன் மோர் என்று அதே காட்சியை மறுபடி எடுத்தோம்.

எபிசோட் ஒளிபரப்பான மறுநாள் திருவெறும்பூர் மார்க்கெட்டில் காய்கறிக்காரம்மா என்னை நிறுத்தினார். "உங்க வீட்டுக்காரருக்கு விரதம் முடிஞ்சுதாங்க?"

சேனலில் யாரும் ஸ்லாட் பேச்சையே எடுக்கவில்லை. அதன் பிறகும் அந்தத் தொடர் பல வருஷம் ஓடியது.

எழுதி, நடித்து, தயாரித்த எல்லாவற்றிலும் எனக்கு மிகப் பெருமை தருவது அந்த எபிசோட்தான். ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்த இடங்களில் என் வசனம் ஒரு வரிகூடக் கிடையாது. இப்போது ஸ்கிரிப்ட் எழுத வருகிறவர்கள் என்னிடம் காட்டினால் நான் முதலில் தேடுவது ஜோக்கை அல்ல. அது சொல்லப்படும்போது எதிரே இருப்பவர் என்ன செய்துகொண்டிருக்கிறார் என்பதைத்தான். பல பேர் அதை எழுதியே இருப்பதில்லை. எழுதிக்கொண்டு வரச் சொல்லித் திருப்பி அனுப்புவேன்.