மருமகனுக்கு இங்கிலீஷில் என்ன?

மொழிபெயர்ப்பு வேலையைச் சரியாகச் செய்தால் நாம் இருப்பதே யாருக்கும் தெரியாது. தப்பாகச் செய்தால் மட்டும் பெயர் சொல்லித் தேடிக்கொண்டு வருவார்கள். ஏதாவது பாரத்தில் 'குடும்பப் பெயர்' என்ற கட்டத்தைப் பார்த்து, அதில் என்னத்தை எழுதுவது என்று நீங்கள் விழித்ததுண்டா? அப்படியானால் நீங்களும் என் கட்சிதான். மேலே படிக்கலாம்.

எழுபதுகளின் கடைசியில், கோல் மார்க்கெட்டில் ஒரு மாடி அறையில், சோப்ரா என்ற நோட்டரி வக்கீலிடம் வேலையில் இருந்தேன். தமிழ்க் காகிதங்களை இங்கிலீஷாக்கி டைப் அடிப்பது என் வேலை, அதன் மேல் சீல் குத்துவது அவர் வேலை. வருகிறவர்களில் சிலர் தாத்தாவைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். தாத்தா இன்ன தேசத்துப் பிரஜை, ஆகையால் நானும் அந்த தேசம்தான் என்று தூதரகத்தில் நிரூபிக்க வேண்டும். தாத்தா உயிரோடு இருந்தபோது அவரை யாரும் இத்தனை பாடுபட்டுத் தேடியிருக்க மாட்டார்கள்.

ஒரே இனிஷியல்

ஜனக்புரியில் இருந்து ஒரு பாங்க் அதிகாரி வந்தார். சொந்த ஊர் காரைக்கால். பெயர் ஆ. சவரிநாதன். அவருடைய தாத்தா பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்து பிரெஞ்சுப் பிரஜையானவர். அவர் பெயரும் ஆ. சவரிநாதன். நடுவில் அப்பா ஆரோக்கியசாமி, தாத்தாவின் அப்பாவும் ஆரோக்கியசாமி. நம் வீடுகளில் தாத்தா பெயரைப் பேரனுக்கு வைப்பது சகஜம். ஆனால் மனுவைப் பார்த்தவர்கள், 'விண்ணப்பதாரரும் பாட்டனாரும் ஒரே நபர் போல் தெரிகிறது, விளக்கவும்' என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

நான் வம்சாவளிப் படம் போட்டு, அம்புக்குறியெல்லாம் இழுத்துக் கொடுத்தேன். அவர் அதை வெகுநேரம் பார்த்துவிட்டுச் சொன்னார்: "ஒரே ஆளுன்னே வச்சுக்கட்டும். அப்ப எனக்கு நூத்திரண்டு வயசு. இந்தக் கிழவனை எந்த தேசம்மா எடுத்துக்கும்?"

பாக்கி வேண்டாம்

டில்லியிலேயே பிறந்து வளர்ந்த ஓர் இன்ஜினீயர், தமிழ் படிக்கத் தெரியாதவர், தாத்தாவின் பழைய கடிதம் ஒன்றைக் கொண்டுவந்தார். தாத்தா, அப்போது பிரெஞ்சுக்காரர்கள் ஆண்ட சைகோனில் பிறந்தவர். அது அந்தக் கடிதத்தில் ஓரிடத்தில் வருகிறது. மூன்றாம் பக்கத்தில் கண்டுபிடித்தேன். முதல் இரண்டு பக்கங்களும், அப்போது கைக்குழந்தையாக இருந்த இந்த இன்ஜினீயரின் இருமலைப் பற்றித்தான். கசாயத்துக்கு என்னென்ன சேர்க்க வேண்டும், டில்லிக் குளிரில் காதை எப்படி மூட வேண்டும் என்று ஒரு மனிதர் உட்கார்ந்து எழுதியிருக்கிறார். உரக்கப் படிக்க ஆரம்பித்தேன். அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

"ஆன்ட்டி, பொறந்த ஊரும் தேதியும் மட்டும் டைப் பண்ணுங்க. பாக்கி சோடியே."

அறைத்தோழி

புசா ரோடுக்குப் பின்னால் ஒரு மொட்டைமாடி அறையில் குடியிருந்தேன். எனக்குக் கல்யாணம் ஆகவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் பேச ஆளில்லாமல், பால் பூத்துக்காரனிடம் வேண்டுமென்றே சில்லறைச் சந்தேகங்கள் கேட்பேன். அப்படி இருந்தபோதுதான் டோரீன் பாதி அறைக்கு வந்தாள். போத்தனூர் ரயில்வே காலனியில் பிறந்த ஆங்கிலோ இந்தியப் பெண், ஊர் பாஷையில் சட்டைக்காரி, ஒரு கம்பெனியில் ஸ்டெனோ. கவுன் போட்டுக்கொண்டு அவள் பேசும் கோயமுத்தூர்த் தமிழைக் கேட்டு எங்கள் வீட்டுக்கார சர்தார்ஜிக்கே சிரிப்பு வரும். அவளுடைய அப்பா, அம்மா இருவரும் இறந்துவிட்டார்கள். நாலு வருஷம் ஒன்றாக இருந்தோம். எனக்கு டில்லி பிடித்தது அந்த நாலு வருஷம்தான்.

அவள் அம்மாவின் அப்பா மர்ஃபி, அயர்லாந்தில் பிறந்து இங்கே என்ஜின் ஓட்ட வந்தவர். தாத்தா அங்கே பிறந்திருந்தால் பேத்தி அந்நாட்டுப் பிரஜையாகப் பதிவு செய்துகொள்ளலாம் என்று அவளுக்கு யாரோ சொல்லிவிட்டார்கள். போய் என்ன செய்யப் போகிறாய், அங்கே உனக்கு யார் இருக்கிறார்கள் என்று கேட்டேன்.

"போத்தனூர்ல நான் சட்டைக்காரிங்க. இங்க மதராஸி. அங்க போய் வெறும் டோரீனா இருந்து பாக்கறனுங்க அக்கா."

நெஃப்யூ

அவள் அம்மாவின் பிறப்புச் சான்றிதழ் கிடைக்கவில்லை. போத்தனூர் மாதா கோயில் உபதேசியார் தமிழில் எழுதிக் கொடுத்த கடிதம் ஒன்றுதான் சாட்சி. 'மர்ஃபி துரையும் அவர் மருமகன் வின்சென்ட்டும் ஒரே வீட்டில் இருந்தார்கள். வின்சென்ட்டின் மகள் டோரீன்' என்று அதில் இருந்தது. ஒரு சனிக்கிழமை மத்தியானம், அவள் எதிர் பெஞ்சில் உட்கார்ந்திருக்க, ஆபீசில் டைப் அடித்தேன்.

மருமகன் என்றால் மகளின் புருஷன். எங்கள் திருநெல்வேலிப் பக்கம் ஆணுக்கு அக்கா தங்கையின் பையனும், பெண்ணுக்கு அண்ணன் தம்பியின் பையனும் மருமகன்தான். மகளில்லாத எனக்கு இருக்கிற ஒரே மருமகன் என் அண்ணன் பையன். 'நெஃப்யூ' என்று அடித்தேன். பழக்கதோஷம் என்று சொல்லிக்கொள்ளலாம். ஆனால் அந்த வார்த்தையில் என் கை நின்றது உண்மை. எதிரே இருந்தவளிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம், கேட்கவில்லை. சோப்ரா சீல் குத்தினார்.

மூன்று மாதத்தில் பதில் வந்தது. மர்ஃபியின் நெஃப்யூவுக்குப் பிறந்தவர் மர்ஃபியின் பேத்தி ஆகமாட்டார், மனு தள்ளுபடி. அவள் ஏன், எப்படி என்று எதுவும் கேட்கவில்லை.

"விடுங்க அக்கா. ஊரு போனாப் போவுது. நீங்க இருக்கீங்கல்ல."

திருத்தம்

ஒரு வாரம் சந்தோஷமாகத்தான் இருந்தேன். எட்டாம் நாள், அவள் தன் மழைக்கோட்டை மடித்துப் பெட்டிக்கு அடியில் வைப்பதைப் பார்த்தேன். அயர்லாந்தில் எந்நேரமும் மழை என்று கேள்விப்பட்டு வாங்கிய கோட்டு. மறுநாள் ஆபீசுக்குப் போனதும் புதுக் காகிதம் ஏற்றினேன். 'மருமகன் என்ற தமிழ்ச் சொல் மகளின் கணவனையும் குறிக்கும், இக்கடிதத்தில் அதுவே பொருள், முதல் மொழிபெயர்ப்பின் பிழை என்னுடையது' என்று அடித்துக் கையெழுத்துப் போட்டேன். சோப்ரா, "தாமாத் பீ, பாஞ்ஜா பீ, மாப்பிள்ளைக்கும் அக்கா மகனுக்கும் ஒரே வார்த்தையா மேடம்?" என்று தலையில் அடித்துக்கொண்டு சீல் குத்தினார். உபதேசியாரிடமிருந்தும் விளக்கம் எழுதி வாங்கி இணைத்தோம்.

அன்று சாயங்காலமே அவளிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கை நின்றதையும் சொன்னேன். திட்டினால் தேவலை என்றிருந்தது. அவள் கொடியிலிருந்த துணிகளை எடுத்து முடித்துவிட்டுத்தான் வாயைத் திறந்தாள்.

"அந்த எடத்துல மிஷின் சத்தம் நின்னுச்சுங்களே. எனக்கும் கேட்டுது. என்னன்னு நானும் கேக்கலீங்க அக்கா."

உறவு முறை

இந்தத் தடவை ஒத்துக்கொண்டார்கள். பாஸ்போர்ட் பாரத்தையும் நானே டைப் அடித்தேன். அவசரத்துக்குத் தகவல் தர வேண்டிய ஆள் என்ற இடத்தில் என் பெயரைப் போடச் சொன்னாள். அடுத்த கட்டம், விண்ணப்பதாரருக்கு என்ன உறவு. நிறுத்தினேன். இந்தத் தடவை கேட்டேன்.

"சிஸ்டர்னு அடிங்க. யாராச்சும் கேட்டா, ட்ரான்ஸ்லேஷன் சரிதான்னு நான் சொல்லிக்கறனுங்க."

அவள் மழைக்கோட்டோடு விமானம் ஏறிப் போனாள். ஆக, ஊரார் தாத்தாக்களையெல்லாம் தேடிக் கொடுத்த எனக்கு, என் ஒருத்திக்கு மட்டும் ரசம் வைக்கும் அளவுதான் இன்னும் பிடிபடவில்லை.