இரண்டிலும் நான்கிலும்

ரயில்வே ஒர்க்‌ஷாப் ஆபீசில் எனக்கு அடுத்த மேஜைக்காரர் திடீரென்று ஒரு ரெக்கார்டு கம்பெனி ஆரம்பித்தார். முறைப்படி முதலில் பாட்டு வேண்டும். அவரோ ரெக்கார்டின் நடுவில் ஒட்டும் வட்டக் காகிதத்தை முதலில் அச்சடித்துவிட்டார். புத்தூரில் கல்யாணப் பத்திரிகை அடிக்கும் பிரஸ்காரர், நான்கு மூலையிலும் மஞ்சள் தடவித் தருவது தன் வழக்கம், இதற்கு மூலையே இல்லையே என்று வருத்தப்பட்டாராம்.

அறுபதுகளின் கடைசி. கப்பலில் வேலை பார்த்த மைத்துனர் கொண்டுவந்த அமெரிக்க ரெக்கார்டுகளைக் கேட்டு நண்பருக்குச் சோல் சங்கீதப் பைத்தியம் பிடித்திருந்தது. கறுப்பர்களின் சர்ச்சில் பிறந்து, வீட்டை விட்டு ஓடிப்போய்க் காதலைப் பாடுகிற சங்கீதம் என்று எனக்கு விளக்கினார். அதைத் தமிழில் கொண்டுவருவது திட்டம். பாட்டு எழுதியதும் கிதாரும் அவர். பாடுவது அவருடைய சர்ச் பாட்டுக் குழுவில் இருந்த ஒரு நர்ஸ் அம்மா. அந்த அம்மாவுக்குப் பம்பாயில் வேலை கிடைத்து, அந்த ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ரயில். வாடகை டேப் ரெக்கார்டரும் அன்று ஒருநாள்தான். அன்று பதிவாகாவிட்டால் கம்பெனியின் மொத்தச் சொத்து வட்டக் காகிதம்.

டிரம் வாசிப்பதாகச் சொன்னவர் மணப்பாறைக் கல்யாணம் ஒன்றுக்கு பேண்டு வாசிக்கப் போய்விட்டார். கைதட்டியாவது ஒப்பேற்றலாம் என்று என்னைக் கூப்பிட்டார்கள். நான் ஸ்ரீரங்கத்துக்காரன், ஏழு வருஷம் பாட்டு கற்றவன். என் பாட்டு வாத்தியார் நான்காம் வருஷமே என் குரலைக் கைகழுவிவிட்டுத் தாளம் மட்டும் போடச் சொன்னதை நான் வெளியே சொல்லவில்லை.

பொன்மலையில் நண்பரின் ரயில்வே குவார்ட்டர்ஸில் ஜன்னலெல்லாம் மெத்தை வைத்து அடைத்திருந்தது. நான்கு எண்ணிக்கை, இரண்டிலும் நான்கிலும் தட்ட வேண்டும், அவ்வளவுதான் என்றார் நண்பர். பாட்டு தொடங்கியது. என் கை முதல் எண்ணிக்கையில் தொடையைத் தட்டியது. பிறகு சுண்டு விரல், மோதிர விரல், நடு விரல் என்று சத்தமில்லாமல் எண்ணியது. மறுபடி ஒரு தட்டு, ஒரு திருப்பு, ஒரு தட்டு, ஒரு திருப்பு. சுத்தமான எட்டு எண்ணிக்கை ஆதி தாளம்.

நான்கு முறை எடுத்தோம். நான்கு முறையும் அதுவே.

“ஏன் சாமி, உங்க கை உங்க பேச்சைக் கேக்காதா?” என்றார் நண்பர்.

“எங்க பாட்டு வாத்தியார் பேச்சை மட்டும் கேக்கும்.”

மணி நாலரை. வாசலில் ஜட்கா வந்துவிட்டது. நண்பர் டேப் ரெக்கார்டரை மூடப் போனார். அதுவரை என் கையையே பார்த்துக்கொண்டிருந்த நர்ஸ் அம்மா, ஊசி போடுகிறவர்களின் நிதானத்தோடு சொன்னார்:

“சார், சுண்டு விரல்ல தட்டுங்க. நடு விரல்ல தட்டுங்க. கையைத் திருப்புற ரெண்டு எடத்துலயும் தட்டுங்க. வழக்கமா தட்டுற எடத்துல மட்டும் சும்மா இருந்துடுங்க.”

ஏழு வருஷப் படிப்பைத் தலைகீழாகப் பிடித்தேன். சரியாக வந்தது. அந்த அம்மா அன்று பாடிய பாட்டில் நண்பர் கிதாரைப் பார்க்கவே மறந்துபோனார். கடைசி வரி முடிந்தது, கிதாரும் ஓய்ந்தது. அந்த நிசப்தத்தில், பாட்டை அது தொடங்கிய முதல் தட்டிலேயே கொண்டுவந்து முடிக்காமல் என் கை ஓயவில்லை. பளீரென்று ஒரு தட்டு.

மறுபடி எடுக்க நேரமில்லை. அந்த அம்மா பெட்டியோடு ஜட்கா ஏறிவிட்டார்.

டேப் கல்கத்தா போய், அங்கே அச்சாகி ரெக்கார்டாகத் திரும்பி வந்தது. கேட்டவர்கள் பாட்டைப் பாராட்டிவிட்டு, கடைசியில் தனியாகக் கைதட்டுவது யார் என்று தவறாமல் விசாரித்தார்கள்.

“எங்க முதல் ரசிகர்,” என்பார் நண்பர். “ஸ்ரீரங்கம்.”