நாலு கள்ளனுக்குப் பிறகு பாடின வரவு

பேய் பிசாசெண்டு ஆர் கதைச்சாலும் நான் காதில போடாத ஆள். கல்யாண வீடு, செத்த வீடு எண்டு இருவது வருஷமா ஸ்பீக்கரும் புரொஜெக்டரும் வாடகைக்குக் குடுக்கிறன், சவத்துக்குப் பக்கத்தில வயர் இழுத்துப்போட்டு அங்கயே படுத்தும் இருக்கன். நீங்க சிரிப்பீங்க எண்டும் தெரியும். சிரிங்க, ஆனா முழுக்கக் கேட்டிட்டுச் சிரிங்க.

போன வருஷம் குருக்கள்மடம் எண்ட ஊரில ஒரு ஞாயித்துக்கிழமை பின்னேரம் வாசிகசாலைக்காரர் ஒரு பழைய ஜெர்மன் படம் போடச் சொன்னாங்க. ஊமைப் படம், நூறு வருஷம் இருக்கும். பெரிய பட்டணத்தில கள்ளன்மார் நிலத்துக்குக் கீழ ஒரு சாராயக்கடையில கூடித் திட்டம் போடுற கதை. சத்தமில்லாட்டிச் சனம் இருக்காதெண்டு கூத்துப் பழக்குற அண்ணாவியார மத்தளத்தோட கொண்டந்து இருத்தினாங்க. கூத்தில ஆள் சபைக்கு வர முந்தி வரவு பாடணும்தானே, அப்படியே மனுஷன் ஒவ்வொரு கள்ளனுக்கும் வரவு பாட, சனம் விழுந்து விழுந்து சிரிச்சுது.

அண்ணாவியார்ர ஒரே மகன் ஏஜென்சிக்காரன நம்பி ஜெர்மனிக்கெண்டு வெளிக்கிட்டு ஆறு வருஷம். இனிக் கடலால போறம் எண்டு போனில சொன்னதுதான் கடைசி. பட்டணத்துத் தெருவக் கண்டதும் அந்தக் கண் மங்கின மனுஷன் என்ட கையப் புடிச்சு, "இது அவன் போன ஊர்தானே மனே?" எண்டார். படம் பழசு அண்ணாவியார் எண்டு சொன்னன், கேக்கல்ல. நாலாவது கள்ளனுக்குப் பிறகு, படத்தில ஒருத்தரும் இறங்கி வராத சாராயக்கடைப் படிக்கட்டப் பாத்து மகன்ட பேரச் சொல்லி வரவு பாடிட்டார். வரவு பாடினா ஆள் வந்தே ஆகணும், சபைய வெறுமையா விடக்கூடாது எண்டு எங்கட பக்கம் சொல்லுவாங்க.

நம்பினா நம்புங்க, ஒருத்தன் இறங்கி வந்தான். காலையில ரெண்டு தரம் ஓட்டிப் பாத்த படம், அப்படி ஒரு ஆளே இல்ல. கோட்டுப் போட்டவங்களுக்கு நடுவுல சாரம் உடுத்து, மத்தளத்துக்குக் கால் மிதி பிசகாமக் கூத்தாடிக்கொண்டு வந்தான். உடம்பெல்லாம் தண்ணி ஒழுகிச்சு. சனம் சிரிச்சுக்கொண்டேதான் இருந்தது, ஒருத்தருக்கும் தெரியல்ல.

அண்ணாவியார்ர கை நிண்டிட்டு. "அவன்ட மிதிதான். எனக்கு வடிவாத் தெரியல்ல மனே, நனைஞ்சா இருந்தான்?"

"இல்ல, காஞ்ச உடுப்போட நல்லாத்தான் இருந்தார்" எண்டு சொல்லிட்டன். அந்த முகத்தப் பாத்து வேற என்ன சொல்ல?

படம் இன்னும் என்னட்டக் கிடக்கு. எத்தின தரம் போட்டாலும் ஆள் இல்ல. படிக்கட்டில மட்டும் ஈரக் காலடி கிடக்கு, இறங்கினது இருக்கு, ஏறினது இல்ல.

அண்ணாவியார் இப்ப மகனுக்குப் பொண்ணு பாக்கிறார். நாளைக்குப் பொண்ணு வீட்ட போறாராம், என்னையும் வரட்டாம். மகன் நல்லா இருக்கான் எண்டு சொல்லக் கண்ணால கண்ட ஆள் ஒண்டு வேணுமாம். நான் ஓம் எண்டிட்டன்.